கிணற்றுக்குத் தடை வந்தால்: இடைக்கால இஞ்சங்ஷனும் மேல்கோர்ட்டுகளின் மேற்பார்வையும்

காவிரி வாய்க்கால் பாயும் மோகனூர், பரமத்திப் பக்கங்களை விட்டுவிட்டால், சேலம், நாமக்கல் சமவெளிகளில் குடியானவனுடைய ஜீவன் கிணற்றில்தான் இருக்கிறது. அந்தக் கிணறுகளிலும் பெரும்பாலானவை ஒருவருக்கே உரியவை அல்ல. தகப்பனார் காலத்தில் வெட்டிய கிணறு, பாகப்பிரிவினையில் நிலம் வரப்பிட்டுப் பிரிந்தபோதும் பிரியாமல் பொதுவில் நின்று, பங்குக்கு இத்தனை நாள் முறை என்று ஏற்பட்டிருக்கும். கவலை ஓட்டிய காலத்தில் இதனால் பெரிய தொல்லை இல்லை. ஒரு ஜோடி மாடு பொழுதெல்லாம் இறைத்தாலும் கிணற்றில் அடுத்தவனுக்குத் தண்ணீர் மிஞ்சும். மோட்டார் பம்பு வந்தபின் அந்தக் கணக்கு மாறிவிட்டது. ஒரு பங்காளியின் மோட்டார் சில மணி நேரத்தில் கிணற்றைத் தரை தெரிய இறைத்துவிடுகிறது. முறைச் சண்டை வாய்ப்பேச்சில் தொடங்கி, பஞ்சாயத்துக்குப் போய், அங்கே தீராமல் முனிசீப் கோர்ட்டுக்கு வந்து சேர்கிறது.

இக்கட்டுரை எழுதுபவன் வக்கீல் அல்லன். கூட்டுறவு இலாகாவில் சங்கங்களின் கணக்கைப் பார்ப்பது என் வேலை. ஆயினும் சங்கத்தின் கெடு கடந்த கடன் பட்டியலை வைத்துக்கொண்டு ஒவ்வொரு பெயராக விசாரித்தால், மழை பொய்த்தது ஒரு காரணமாகவும், கலியாணச் செலவு ஒரு காரணமாகவும், கோர்ட்டுச் செலவு மற்றொரு காரணமாகவும் வெளிப்படுகின்றன. மூன்றாவதில் ஒரு பகுதியையாவது தவிர்க்கலாம் என்பது என் அனுபவம். அதற்கு வேண்டியது, எந்தக் கதவை முதலில் தட்டுவது என்ற அறிவு மட்டுமே.

என் சரகத்தில் நடந்த ஒரு சங்கதியைச் சொன்னால் விஷயம் எளிதில் விளங்கும். அண்ணன் தம்பி மக்களான இரு பங்காளிகள், ஒரே கிணறு, ஆளுக்கு மூன்று நாள் முறை. இளையவர் சங்கத்தில் பயிர்க்கடன் வாங்கித் தை மாதத்தில் ஒரு ஏக்கர் சின்ன வெங்காயம் வைத்தார். மூத்தவர், கிணறு முழுதும் தம்முடையது என்றும், இளையவர் பலாத்காரமாக மோட்டார் வைக்க முயல்கிறார் என்றும் தாவாச் செய்து, எதிரியின் வார்த்தையைக் கேளாமலே ஒரு இடைக்காலத் தடையுத்தரவு வாங்கிவிட்டார். பாகப்பிரிவினைப் பத்திரத்தை அவர் தாக்கல் செய்யவில்லை. அமீனா உத்தரவைக் கொண்டுவந்து கொடுத்த அன்று வெங்காயத்துக்கு முப்பதாவது நாள். எழுபது நாட் பயிருக்கு முப்பதாவது நாளில் தண்ணீர் நின்றால் என்ன ஆகும் என்பதைக் குடியானவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை.

இளையவர் என்ன செய்தார்? சந்தையில் யாரோ ஒருவர், “கீழ்க்கோர்ட்டில் தலையை முட்டிக்கொள்ளாதே, நேரே ஹைகோர்ட்டில் 227 போடு, ஒரே நாளில் தடை பறந்துவிடும்” என்றாராம். எருமையை விற்றார், சென்னைக்குப் போனார், பணம் கட்டினார். சில வாரம் கழித்து ஹைகோர்ட்டு சொன்ன பதில், சட்டத்தில் அப்பீல் இருக்கும்போது இங்கே வரலாகாது, அப்பீல் கோர்ட்டுக்குப் போகலாம் என்பது. அதற்குள் அப்பீல் கெடுவும் கடந்து, தாமதத்தை மன்னிக்க வேண்டித் தனி மனுப் போட வேண்டியதாயிற்று. வெங்காயம் இதற்கெல்லாம் காத்திருக்கவில்லை.

தடையுத்தரவு என்பது இன்னது என்று இனிப் பார்ப்போம். ஒரு தாவா முடியப் பல வருஷம் ஆகலாம். அதற்குள் தாவாச் சொத்து அழிந்துபோனால் பிற்பாடு கிடைக்கும் டிக்ரியால் பயன் இல்லை. ஆதலால் தாவா முடியும் வரையில் உள்ள நிலைமையைக் காப்பாற்றுவதற்காக, 1908-ஆம் வருஷத்து சிவில் நடைமுறைச் சட்டத்தின் 39-வது ஆர்டர் 1, 2 விதிகளின்படி கோர்ட்டார் தற்காலிகத் தடை கொடுக்கலாம். கொடுக்குமுன் மூன்று விஷயங்களைப் பார்க்க வேண்டும். மனுதாரர் பக்கம் விசாரணைக்குத் தகுந்த வழக்கு என்று முதல் பார்வையில் தோன்ற வேண்டும். தடை கொடுப்பதால் ஒருவருக்கு வரும் கஷ்டத்தையும், கொடுக்காவிட்டால் மற்றவருக்கு வரும் கஷ்டத்தையும் தராசில் வைத்துப் பார்க்க வேண்டும். தடை இல்லாவிடில் பின்னால் பணத்தால் ஈடு செய்ய முடியாத நஷ்டம் மனுதாரருக்கு நேரும் என்று காண வேண்டும். மூன்றில் ஒன்று இருந்தால் போதும் என்று பலர் நினைக்கிறார்கள், அது தவறு. மூன்றும் வேண்டும்.

எதிரிக்கு நோட்டீஸ் கொடுத்து அவர் வார்த்தையையும் கேட்டே தடை கொடுக்க வேண்டும் என்பது பொது விதி. நோட்டீஸ் கொடுக்கும் தாமதத்தில் காரியமே கெட்டுவிடும் என்று தோன்றினால் மட்டும் ஒருதலையாகக் கொடுக்கலாம். இந்த விதிவிலக்கே வழக்கமாகிவிடக் கூடாதென்று 1976-ஆம் வருஷத்துத் திருத்தச் சட்டம் சில பூட்டுகளைப் போட்டது. ஒருதலைத் தடை கொடுக்கும் கோர்ட்டார் அதற்கான காரணத்தை எழுத வேண்டும். தடை பெற்றவர் மனு, பிரமாண வாக்குமூலம், பிராது, தஸ்தாவேஜு இவற்றின் நகல்களை எதிரிக்கு உடனே நேரிலாவது ரிஜிஸ்தர் தபாலிலாவது சேர்ப்பித்து, அன்றே அல்லது மறுநாளே அவ்விதம் சேர்ப்பித்ததாக வாக்குமூலம் தாக்கல் செய்ய வேண்டும். அப்படிப்பட்ட தடை மனுவை, தடை கொடுத்த நாள் முதல் 30 நாளுக்குள் முடிக்கக் கோர்ட்டார் முயல வேண்டும்; முடியாவிட்டால் காரணம் எழுத வேண்டும். தடையை மீறினவருடைய சொத்தை ஜப்தி செய்யலாம். மூன்று மாதம் வரையில் சிவில் ஜெயிலிலும் வைக்கலாம். ஆகையால் “தப்பான தடைதானே” என்று எண்ணி இராத்திரியில் மோட்டாரைப் போடுவது அபாயம். தப்பான உத்தரவும் ரத்தாகும் வரையில் உத்தரவே.

இப்படிப்பட்ட உத்தரவு தப்பாக வந்துவிட்டால் வழிகள் எவை? முதல் வழி உத்தரவு போட்ட அதே கோர்ட்டில் இருக்கிறது. 39-வது ஆர்டர் 4-வது விதியின்படி தடையை நீக்கவோ, மாற்றவோ, தளர்த்தவோ மனுக் கொடுக்கலாம். தடை வாங்கினவர் முக்கியமான விஷயத்தில் தெரிந்தே பொய்யோ, மயக்கும்படியான வார்த்தையோ சொல்லி ஒருதலையாகத் தடை பெற்றிருந்தால், கோர்ட்டார் அதை நீக்கியே ஆக வேண்டும். நீக்காவிட்டால் ஏன் நீக்கவில்லை என்று காரணம் எழுத வேண்டும். நான் சொன்ன பங்காளி வழக்கில் பாகப்பிரிவினைப் பத்திரத்தின் ஒரு நகல் இளையவர் பெட்டியிலேயே கிடந்தது. பத்திர ஆபீசில் நகல் எடுக்கக்கூட அவசியம் இல்லை. அதை ஒரு மனுவோடு முதல் வாரத்திலேயே முனிசீப் கோர்ட்டில் வைத்திருந்தால், முறை நாளில் தண்ணீர் இறைக்கும் அளவுக்காவது தடையை மாற்றக் கேட்டிருக்கலாம். கிணற்றின் நிலைமை, மோட்டார்கள், வாய்க்கால் தடம் இவற்றைப் பார்த்து அறிக்கை கொடுக்க அட்வகேட் கமிஷனர் ஒருவரை நியமிக்கும்படியும் கேட்டிருக்கலாம். கடைசியில் அவ்வழக்கில் நடந்ததும் இதுதான். கமிஷனர் வந்து பார்த்தார்; முறை நாளில் இறைக்கலாம் என்று உத்தரவு மாறிற்று. ஆனால் அது ஐந்தாம் மாதத்தில் நடந்தது.

இரண்டாவது வழி அப்பீல். அதே சட்டத்தின் 43-வது ஆர்டர், தடை கொடுத்த உத்தரவின் மேலும், மறுத்த உத்தரவின் மேலும், நீக்கிய அல்லது நீக்க மறுத்த உத்தரவின் மேலும் அப்பீல் உண்டு என்கிறது. முனிசீப் கோர்ட்டு உத்தரவானால் ஜில்லாவுக்குள்ளேயே மேல்கோர்ட்டில், சாதாரணமாகச் சப்கோர்ட்டில், 30 நாளுக்குள் போட வேண்டும். அங்கே அப்பீல் நிலுவையில் இருக்கும்போதே தடையை நிறுத்திவைக்கும்படி மனுக் கொடுக்கவும் இடம் உண்டு.

ஒருதலையாக வந்த உத்தரவின் மேல் அப்பீல் போடலாமா, அல்லது கீழ்க்கோர்ட்டில் எதிர்வாதம் செய்து முடிவான உத்தரவு வந்த பிறகுதான் போட வேண்டுமா என்று வெகுகாலம் சந்தேகம் இருந்தது. அதைத் தீர்த்த வழக்கு நமது ராஜ்யத்திலிருந்தே போனது. சென்னை சிட்டி சிவில் கோர்ட்டில் பிறந்த வெங்கடசுப்பையா நாயுடு எதிர் செல்லப்பன் என்ற வழக்கில், 2000-ஆம் வருஷம் சுப்ரீம் கோர்ட்டு தீர்ப்புக் கூறிற்று. ஒருதலைத் தடையால் பாதிக்கப்பட்டவர் அதே கோர்ட்டுக்குப் போவதும் அப்பீல் கோர்ட்டுக்குப் போவதும் அவர் இஷ்டம். 30 நாள் கடந்தும் மனுவைக் கீழ்க்கோர்ட்டு முடிக்கவில்லை, காரணமும் எழுதவில்லை என்றால், மனு அங்கே நிலுவையில் இருந்தபோதிலும் பாதிக்கப்பட்டவர் அப்பீல் செய்யலாம். அப்பீல் கோர்ட்டு அதை எடுத்துக்கொள்ளக் கடமைப்பட்டிருப்பதோடு, கீழ்க்கோர்ட்டின் அந்தத் தவறுதலையும் கவனிக்க வேண்டும். எழுபது நாட் பயிர் வைக்கிற குடியானவனுக்கு இதைவிடப் பயனுள்ள தீர்ப்பு வேறொன்று இருக்குமோ என்று நான் நினைப்பதுண்டு. அப்படியிருந்தும் நம் கிராமங்களில் இதை அறிந்தவர்களை நான் அதிகம் கண்டதில்லை.

அப்பீல் கோர்ட்டார் எல்லாவற்றையும் புதிதாக எடைபோட்டு, “நாமாக இருந்தால் வேறு உத்தரவு போட்டிருப்போம்” என்ற காரணத்துக்காக மாற்ற மாட்டார்கள் என்பதையும் சொல்லிவிட வேண்டும். தடை கொடுப்பது கீழ்க்கோர்ட்டின் விவேகத்தைச் சேர்ந்தது. அந்த விவேகம் மனம் போன போக்கிலோ, சட்டத்தின் கொள்கைகளை மறந்தோ, எந்த நியாயவானும் வர முடியாத முடிவுக்கு வந்தோ உபயோகிக்கப்பட்டிருந்தால்தான் மேலே தலையிடுவார்கள் என்று 1990-இல் வாண்டர் கம்பெனி வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு விதித்தது. அது ஒரு மருந்தின் வியாபாரக் குறி பற்றிய வழக்கு. ஆனால் கிணற்றுத் தடைக்கும் அதே அளவுகோல்தான். ஆகவே முதல் கோர்ட்டிலேயே பத்திரம், அடங்கல், மின்சார ரசீது முதலிய ஆதாரங்களை எல்லாம் தாக்கல் செய்துவிட வேண்டும். அங்கே காட்டாததை மேலே காட்டலாம் என்று வைத்திருப்பவர் ஏமாறுவார். அப்பீலில் பிறந்த உத்தரவின் மேல் இரண்டாவது அப்பீலும் கிடையாது.

இனி ஹைகோர்ட்டின் மேற்பார்வை அதிகாரம். அரசியல் சட்டத்தின் 227-வது பிரிவு, ஒவ்வொரு ஹைகோர்ட்டுக்கும் தன் எல்லைக்குள் உள்ள எல்லாக் கோர்ட்டுகள், தீர்ப்பாயங்கள் மீதும் மேற்பார்வை கொடுத்திருக்கிறது. இது 1950-இல் புதிதாக முளைத்ததன்று. சென்னை ஹைகோர்ட்டு 1862-இல் ஏற்படுவதற்கு அடிப்படையான 1861-ஆம் வருஷத்துச் சட்டத்தின் 15-வது பிரிவிலேயே மேற்பார்வை உண்டு. 1915-ஆம் வருஷத்து இந்திய சர்க்கார் சட்டத்தின் 107-வது பிரிவிலும் அது தொடர்ந்தது. 1935-ஆம் வருஷத்துச் சட்டம் அதன் பல்லைப் பிடுங்கிற்று. அச்சட்டத்தின் 224-வது பிரிவு மேற்பார்வையைக் கொடுத்துவிட்டு, அப்பீலோ ரிவிஷனோ இல்லாத தீர்ப்பை இதைக் கொண்டு கேள்வி கேட்கலாகாது என்று கட்டிப்போட்டது. அக்காலத்தில் ரிட்டு அதிகாரமும் வெளி ஜில்லாக்காரருக்கு எட்டாத பொருளாகவே இருந்தது. பர்லாகிமிடி ஜமீன் குடிகளின் வழக்கில் 1943-இல் பிரிவி கௌன்சிலார், சென்னை ஹைகோர்ட்டின் ரிட்டு அந்த வெளியூர்க் குடிகளின் விவகாரத்துக்குச் செல்லாது என்று கூறிவிட்டார்கள். 1950-இல் அரசியல் சட்டம் இவ்விரண்டு குறைகளையும் ஒருங்கே தீர்த்தது. 1976-இல் 42-வது திருத்தம் 1935-ஆம் வருஷத்துக் கட்டையே மறுபடி கொண்டுவந்தது. 1978-இல் 44-வது திருத்தம் அதை எடுத்துவிட்டது. ஹைகோர்ட்டின் இந்த அதிகாரம் அரசியல் சட்டத்தின் அடிப்படை அமைப்பைச் சேர்ந்தது என்று 1997-இல் சந்திரகுமார் வழக்கில் ஏழு நீதிபதிகள் தீர்மானித்தபின், பார்லிமெண்டாலும் அதைப் பறிக்க முடியாது.

இத்தனை பெரிய அதிகாரம் இருக்கும்போது, இளையவர் கொண்டுபோன மனுவை ஏன் ஹைகோர்ட்டு திருப்பிற்று? மேற்பார்வை வேறு, அப்பீல் வேறு என்பதே விடை. சங்கக் கணக்கைப் பார்க்கிற இன்ஸ்பெக்டர், இன்னாருக்குக் கடன் கொடுத்தது சரியா என்று நிர்வாகக் குழுவின் ஸ்தானத்தில் உட்கார்ந்து தீர்மானிப்பதில்லை. துணைவிதியை மீறினார்களா, அதிகாரம் இல்லாததைச் செய்தார்களா, செய்ய வேண்டியதைச் செய்யாமல் விட்டார்களா என்றே பார்க்கிறார். கீழ்க்கோர்ட்டுகளை அவற்றின் அதிகார எல்லைக்குள் நிறுத்துவதற்கே மேற்பார்வை, வெறும் பிழைகளைத் திருத்துவதற்கு அன்று என்று 1954-இல் வாரியம் சிங் வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு சொன்னதன் கருத்தும் ஏறக்குறைய இதுவே.

1999, 2002 திருத்தங்களால் 2002 ஜூலை 1-ஆம் தேதி முதல் சிவில் நடைமுறைச் சட்டம் 115-வது பிரிவின் ரிவிஷன் சுருங்கிவிட்டது. எந்த உத்தரவு மனுதாரருக்குச் சாதகமாக வந்திருந்தால் தாவாவே முடிந்திருக்குமோ, அப்படிப்பட்ட உத்தரவை மட்டுமே ரிவிஷனில் மாற்றலாம். தடை மனு உத்தரவால் தாவா முடிவதில்லை. ஆதலால் அந்த வாசல் அடைபட்டது. அதன் பின்னர் எல்லாரும் 227-ஐ நோக்கி ஓடினார்கள். 226-வது பிரிவின் ரிட்டும் கிடைக்கும் என்று 2003-இல் சூரியதேவ் ராய் வழக்கில் ஒரு தீர்ப்பு வந்தது. சிவில் கோர்ட்டு உத்தரவுக்கு 226 ரிட்டு பொருந்தாது, 227 மட்டுமே என்று 2015-இல் ராதேஷ்யாம் வழக்கில் மூன்று நீதிபதிகள் அதை மாற்றினார்கள்.

நம் விஷயத்துக்கு நேரான தீர்ப்பு 2019-இல் வந்தது. விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபைக்கும் தூத்துக்குடிக் கல்விச் சங்கத்துக்கும் நடந்த தாவாவில், கீழ்க்கோர்ட்டு கொடுத்த தடையின் மேல் அப்பீலுக்குப் போகாமல் எதிர்தரப்பார் 227-இல் ஹைகோர்ட்டுக்குப் போக, ஹைகோர்ட்டும் அத்தடையை ரத்துச் செய்தது. சுப்ரீம் கோர்ட்டு ஹைகோர்ட்டின் உத்தரவை ஏற்கவில்லை. சிவில் நடைமுறைச் சட்டத்திலேயே ஒரு சிவில் கோர்ட்டுக்கு அப்பீல் இருக்கும்போது, 227-க்கு அது ஏறக்குறைய முழுத் தடையாகும் என்று கூறிற்று. அதாவது ஹைகோர்ட்டுக்கு அதிகாரம் இல்லை என்பதன்று. தானே தன் கையைக் கட்டிக்கொள்ள வேண்டும் என்பது. ஆகவே சந்தையில் சொல்லப்பட்ட யோசனை, ஒரு காலத்தில் சிலருக்குப் பலித்திருக்கலாம்; இன்று பலிப்பது அரிது.

எப்போதுதான் சென்னைக்குப் போவது? அப்பீல் முடிந்து, அங்கும் நியாயத்தின் அடிப்படையே கெட்டிருந்தால் போகலாம். தாவாவை எடுக்கவே அதிகாரம் இல்லாத கோர்ட்டு தடை கொடுத்திருந்தாலும், தடை நீக்க மனுவை வாய்தா வாய்தாவாகத் தள்ளிக்கொண்டே போனாலும் யோசிக்கலாம். இந்தக் கடைசி விஷயத்தில் ஹைகோர்ட்டார் தடையின் குணதோஷத்துக்குள் இறங்காமல், இத்தனை வாரத்துக்குள் மனுவை முடிக்க என்று கீழ்க்கோர்ட்டுக்குக் கட்டளையிடுவது வழக்கத்தில் இருக்கிறது. பயிர் நிற்கும் குடியானவனுக்கு அதுவும் லாபமே. ஆனால் 30 நாள் கடந்த பின் சப்கோர்ட்டிலேயே அப்பீல் உண்டு என்று மேலே சொன்னதை நினைவில் வைத்தால், ஏறக்குறைய 340 கிலோமீட்டர் பிரயாணம் மிச்சமாகும். மதுரைக் கிளை 2004-இல் ஏற்பட்ட பிறகு, காவிரிக்கு அக்கரையில் இருக்கும் கரூர் ஜில்லாக்காரர் மதுரைக்குப் போகிறார்; இக்கரையில் மோகனூர்க்காரர் சென்னைக்கே போக வேண்டும். அக்கரையிலும் இக்கரையிலும் நிலம் வைத்திருப்பவர் இதில் ஏமாறக் கூடாது.

சங்க அங்கத்தினர்களுக்கு ஒரு வார்த்தை. கடன் பாக்கிக்காகச் சங்கம் எடுக்கும் நடவடிக்கையை நிறுத்த முனிசீப் கோர்ட்டில் தடை வாங்கித் தருகிறேன் என்று யாராவது பணம் கேட்டால் கொடுக்க வேண்டாம். 1983-ஆம் வருஷத்துத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம் 156-வது பிரிவு, அச்சட்டப்படி நடக்கும் காரியங்களில் சிவில் கோர்ட்டுத் தலையீட்டை விலக்கியிருக்கிறது. அங்கத்தினருக்கும் சங்கத்துக்கும் உள்ள தகராறு 90-வது பிரிவின்படி பதிவாளர் முன் போக வேண்டியது.

தடை வரும் என்று முன்கூட்டியே சந்தேகம் உள்ளவர், 148-ஏ பிரிவின்படி கோர்ட்டில் கேவியட் போட்டுவைக்கலாம். 90 நாள் வரையில் அது செல்லும். அதற்குள் எதிரி மனுக் கொடுத்தால் நமக்கு நோட்டீஸ் வரும். பங்காளி வக்கீல் வீட்டுக்குப் போய்வந்த செய்தி ஊரில் யாருக்கும் மறைவதில்லை. அதைக் கேட்ட அன்றே செய்ய வேண்டிய காரியம் இது. போதிய ஆதாரமின்றித் தடை வாங்கி ஒருவரை நஷ்டப்படுத்தினவரிடம் 95-வது பிரிவின்படி 50,000 ரூபாய் வரையில் நஷ்டஈடு கேட்கவும் வழி உண்டு. இளையவரிடம் இதை நான் சொன்னபோது, “பங்காளியிடம் வெங்காயத்துக்கு விலை வாங்கவா?” என்று கேட்டார். அவர் கேட்கவில்லை. சங்கத்துக் கடனை மறு வருஷம் மரவள்ளி விற்று அடைத்தார்.

வக்கீல் வைக்கச் சக்தி இல்லாதவர்களுக்கு, 1987-ஆம் வருஷத்துச் சட்ட உதவிச் சட்டத்தின்படி தாலுகா சட்டப் பணிகள் குழுவில் மனுக் கொடுத்தால் வக்கீல் கிடைக்கும். ஸ்திரீகளும், ஷெட்யூல்டு வகுப்பினர், பழங்குடியினரும் வருமானக் கணக்கு இல்லாமலே அதற்கு உரியவர்கள். தடையுத்தரவு கைக்கு வந்த அன்றே அதன் சர்டிபை செய்த நகலுக்கு மனுப் போட்டுவிட வேண்டும். அந்த நகல் தயாராவதற்குப் பிடிக்கும் நாட்கள் அப்பீலின் 30 நாளில் சேரா. மனுப் போடாமல் வீட்டில் கழித்த நாட்கள் சேரும்.